நடுவழியில் மாறும் வரி



2022 ஜூலை 18 அன்று, அரசுகளுக்கும் உள்ளாட்சிகளுக்கும் கட்டித்தரப்படும் சாலை, பாலம், பள்ளிக்கூடம், மருத்துவமனை போன்ற பணிகளின் ஜிஎஸ்டி 12 விழுக்காட்டிலிருந்து 18 ஆனது. முக்கால் பங்குக்கு மேல் மண்வேலையாக உள்ள பணிகளுக்கு 5 என்பது 12 ஆனது. அறிவிக்கை வெளிவந்தது ஜூலை 13. அன்றைக்கு நாடெங்கும் நடந்துகொண்டிருந்த அரசுப் பணிகள் அதற்கு முன்பே டெண்டர் விட்டு, விலை முடிவாகி, கையெழுத்தாகி, பாதி கட்டி முடிந்திருந்தவை. கூடுதலான 6 விழுக்காட்டை யார் தருவது என்ற கேள்வி அன்று தொடங்கியது. பல பணிகளில் இன்னும் முடியவில்லை.

தொகை எவ்வளவு என்று பார்ப்போம். வரி நீங்கலாக 10 கோடி ரூபாய் பணி ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். பழைய விகிதத்தில் வரி 1 கோடியே 20 லட்சம். புதிய விகிதத்தில் 1 கோடியே 80 லட்சம். வித்தியாசம் 60 லட்சம். மத்தியப் பொதுப்பணித் துறையின் விலை விகிதப் பகுப்பாய்வில் ஒப்பந்ததாரரின் லாபத்துக்கும் மேற்செலவுக்கும் சேர்த்து 15 விழுக்காடு வைக்கிறார்கள். அதில் லாபம் ஏழரை. மதிப்பீட்டு விலைக்கே டெண்டர் எடுத்தவருக்கு இந்தப் பத்துக் கோடியில் லாபமாகக் கருதப்பட்டது சுமார் 65 லட்சம். அதில் 60 லட்சத்தை ஒரே அறிவிக்கை எடுத்துக்கொண்டது. எடுத்துக்கொண்ட பணத்தில் பாதி ஒன்றிய அரசுக்கு, பாதி மாநில அரசுக்கு. வேலையைக் கொடுத்ததும் அரசு, வரியை உயர்த்தியதும் அரசு, வாங்கியதும் அரசு.

என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். தன்னுடைய பணியின் மீதான வரியை அரசு நடுவழியில் மாற்றிவிட்டு, அந்த மாற்றத்தை ஒப்பந்ததாரர் தலையில் விட்டுவிடுமானால், ஒப்புக்கொண்ட விலையை ஒரு தரப்பு மட்டும் திருத்தி எழுதுகிறது என்றே பொருள். இதைச் சட்டம் எப்போதும் தடுப்பதில்லை. அதனால்தான் இதைப் பேச வேண்டியிருக்கிறது.

கட்டட ஒப்பந்தத்துக்கும் வரிக்கும் உள்ள பிணக்கு சென்னையில் பிறந்தது. 1939ஆம் ஆண்டின் சென்னைப் பொது விற்பனை வரிச் சட்டத்தை 1947இல் திருத்தி, கட்டட வேலையில் பயன்படும் பொருள்களின் மீதும் விற்பனை வரி போட மாகாண அரசு முனைந்தது. கேனன் டங்கர்லி நிறுவனம் எதிர்த்தது. வழக்கு உச்ச நீதிமன்றம் போய், 1958இல் தீர்ப்பு வந்தது. எழுதியவர் நீதிபதி டி. எல். வெங்கடராம ஐயர். இசை அன்பர்கள் அவரை வேறு வகையில் அறிவார்கள். தீட்சிதர் கீர்த்தனைகளில் தேர்ந்தவர், சென்னை மியூசிக் அகாடமியின் சங்கீத கலாநிதி. கட்டடம் கட்டித் தரும் ஒப்பந்தம் பிரிக்க முடியாத ஒன்று, அதற்குள் செங்கல் விற்பனை என்றும் சிமெண்ட் விற்பனை என்றும் தனித்தனியாக எதுவும் நடக்கவில்லை, ஆகவே மாநிலம் விற்பனை வரி போட முடியாது என்று அவர் எழுதினார்.

அந்தத் தீர்ப்பு கால் நூற்றாண்டு நின்றது. பிறகு அரசமைப்பின் 46ஆவது திருத்தம் 1983 பிப்ரவரியில் நடைமுறைக்கு வந்து, பிரிக்க முடியாததைப் பிரித்தது: ஒப்பந்தத்தில் கைமாறும் பொருளை விற்பனையாகக் கொள்ளலாம் என்றது. 2007இல் அதே ஒப்பந்தத்தின் இன்னொரு பகுதிமீது சேவை வரி வந்தது. 2017 ஜூலை 1 முதல் ஜிஎஸ்டி சட்டம் முழு ஒப்பந்தத்தையும் சேவை என்று வகைப்படுத்தியது. ஒரே கட்டடம், ஒரே கலவை, ஒரே கொத்தனார். சட்டத்தின் பார்வை மட்டும் மும்முறை மாறியிருக்கிறது.

இந்த மாற்றம் வழக்கறிஞர்களுக்கு மட்டும் உரியதன்று. 1930ஆம் ஆண்டின் சரக்கு விற்பனைச் சட்டத்தில் 64ஏ என்று ஒரு பிரிவு உண்டு. ஒப்பந்தம் ஆன பிறகு வரி கூடினால் விற்பவர் அந்தக் கூடுதலை விலையோடு சேர்த்து வாங்கலாம். வரி குறைந்தால் வாங்குபவர் அந்த அளவு கழித்துக் கொடுக்கலாம். ஒப்பந்தத்தில் வேறு விதமாகச் சொல்லியிருந்தால் அதன்படி. எவ்வளவு நேர்மையான விதி, பாருங்கள். இரண்டு பக்கமும் ஓடுகிறது. ஆனால் அது சரக்கு விற்பனைக்கானது. கட்டுமான ஒப்பந்தம் சேவை என்று ஆகிவிட்டதால் அந்தப் பிரிவின் நிழல் ஒப்பந்ததாரருக்குக் கிடைக்காது என்று துறைகள் வாதிடுகின்றன. சட்டத்தின் பொதுவிதி கைகொடுக்காத இடத்தில் ஒப்பந்தத்தின் வாசகம் ஒன்றே கதி.

அந்த வாசகத்தின் வலிமையை 2012இல் உச்ச நீதிமன்றம் காட்டியது. விசாகப்பட்டினம் உருக்காலையை நடத்தும் ராஷ்ட்ரிய இஸ்பாத் நிகாம் நிறுவனத்துக்கும் சரக்குக் கையாளும் ஒப்பந்ததாரர் ஒருவருக்கும் இடையிலான வழக்கு அது. 1998இல் ஒப்பந்தம். சேவை வரியைக் கட்ட வேண்டியவர் சேவையைப் பெறுபவர்தான் என்று பின்னர் சட்டம் திருத்தப்பட்டது. ஒப்பந்தத்திலோ எல்லா வரிகளையும் ஒப்பந்ததாரரே ஏற்க வேண்டும் என்று ஒரு வரி இருந்தது. நிறுவனம் பில்லில் வரியைப் பிடித்தது. பிடித்தது சரி என்று நடுவர் சொன்னார். உயர் நீதிமன்றம் மறுத்தது. உச்ச நீதிமன்றம் நடுவரின் தீர்ப்பை மீட்டது. சட்டப்படி வரி கட்ட வேண்டியவர் யாராக இருந்தாலும், அந்தச் சுமை கடைசியில் யாருடையது என்பதை இரு தரப்பும் ஒப்பந்தத்தில் முடிவு செய்துகொள்ளலாம் என்பது அதன் சாரம்.

சட்டமாக அது சரி. ஆனால் இரு தரப்பும் முடிவு செய்துகொள்ளலாம் என்பது அரசு டெண்டரில் எப்படி நடக்கிறது? டெண்டர் ஆவணத்தை எழுதுவது துறை. ஒப்பந்ததாரர் ஒரு நிபந்தனையை அடித்தால் நிபந்தனையுள்ள டெண்டர் என்று தள்ளிவிடுவார்கள். வைப்புத்தொகை கட்டிப் போட்டிக்கு வந்தவர் அச்சடித்ததை அப்படியே ஒப்புக்கொள்கிறார். இதை இரு சமமானவர்களின் பேரம் என்று நான் ஏற்கமாட்டேன். வாசகத்தை எழுதும் அதிகாரம் துறையிடம் மட்டுமே இருக்கிறதென்றால், அதை நியாயமாக எழுதும் கடமையும் துறையிடம்தான் இருக்கிறது.

நன்றாக எழுதிய வாசகமும் இருக்கிறது. மத்தியப் பொதுப்பணித் துறையின் பொது நிபந்தனைகளில் 38ஆவது கூறு நெடுங்காலமாக இப்படிச் சொல்லி வந்தது: டெண்டர் பெறும் கடைசி நாளுக்குப் பிறகு புதிதாக வரி வந்து, அதை ஒப்பந்ததாரர் முறையாகக் கட்டியிருந்தால், அவருக்குத் திருப்பித் தர வேண்டும், அவருடைய தாமதத்தால் நேர்ந்ததாக இருக்கக்கூடாது, வரி வந்த 30 நாளுக்குள் பொறுப்புப் பொறியாளருக்கு எழுத்தில் தெரிவிக்க வேண்டும். பன்னாட்டு ஒப்பந்தங்களில் வழங்கும் ஃபிடிக் நிபந்தனைகளில் டெண்டர் தரும் நாளுக்கு 28 நாள் முன்னதாக ஓர் அடிப்படை நாள் வைத்து, அதற்குப் பின் மாறும் சட்டத்தின் செலவை இரு பக்கமும் சரிக்கட்டுகிறார்கள். வழி தெரியாமல் நாம் நிற்கவில்லை.

இனி, வழக்குகள் உண்மையில் எங்கே முளைக்கின்றன என்று பார்க்கலாம். இங்கே சற்று நிதானமாகப் போக வேண்டும்.

முதலாவது, 2017 ஜூலை 1. அதற்கு முந்தைய விலை விகிதப் பட்டியலில் வரிகள் புதைந்து கிடந்தன. சிமெண்டிலும் கம்பியிலும் கலால் வரி தொழிற்சாலையிலேயே ஏறிவிட்டது. தமிழ்நாட்டில் சிமெண்டுக்கு 14.5 விழுக்காடு வாட் வரி, கம்பிக்கு 5. இவற்றையெல்லாம் உள்ளடக்கிய விலைக்கு டெண்டர் எடுத்தவர், ஜூலை 1க்குப் பிறகு முழுப் பணி மதிப்பின் மீதும் ஜிஎஸ்டி கட்ட வேண்டியதாயிற்று. அதுவும் முதலில் 18. ஆகஸ்ட் 22 முதல் அரசுக்கான பெரும்பாலான பணிகளுக்கு 12. ஒப்பந்ததாரர் முழு ஜிஎஸ்டியையும் தனியாகக் கேட்டார். உங்கள் விலையில் பழைய வரி இருக்கிறது, அதைக் கழியுங்கள், உள்ளீட்டு வரி வரவையும் கழியுங்கள் என்றது துறை. இதில் துறையின் பக்கம் நியாயம் உண்டு என்பதை ஒப்பந்ததாரர்கள் ஒப்புக்கொள்ள வேண்டும். பழைய வரியையும் வைத்துக்கொண்டு புதிய வரியையும் வாங்குவது இரட்டை ஆதாயம்.

ஆனால் கழிக்க வேண்டியது எவ்வளவு என்று உட்கார்ந்து கணக்குப் போட யாரும் முன்வரவில்லை. கணக்குப் போட முடியும். 2023இல் கர்நாடக உயர் நீதிமன்றம் அதற்கு ஒரு முறையை வகுத்துத் தந்தது. ஜூலை 1க்கு முன் முடிந்த வேலை எது, பின் முடிந்தது எது என்று பிரி. பின்னதற்கான பொருள் மதிப்பிலிருந்து பழைய வரியை நீக்கு. புதிய வரியைச் சேர். மிஞ்சும் வித்தியாசத்துக்குத் துணை ஒப்பந்தம் போட்டுக்கொள். அளவுப் புத்தகமும் விலைப் பகுப்பாய்வும் மேசைமீது இருந்தால் ஒரு கோட்டக் கணக்கர் செய்துவிடக்கூடிய வேலை. அதற்கு உயர் நீதிமன்றம் வரை போக வேண்டியிருந்தது. கல்கத்தா உயர் நீதிமன்றத்திலும் இத்தகைய மனுக்கள் பல. நிதித்துறைக் கூடுதல் தலைமைச் செயலரிடம் முறையிடுங்கள், அவர் குறித்த காலத்துக்குள் முடிவெடுக்கட்டும் என்று அனுப்பிவைத்தார்கள். கேள்வி அலுவலகத்திலிருந்து நீதிமன்றம் போய், மறுபடி அலுவலகத்துக்கே வந்து சேர்ந்தது.

இரண்டாவது, தாமதம். இது அதிகம் பேசப்படாதது. ஜிஎஸ்டி சட்டத்தின் 14ஆவது பிரிவு, வரி விகிதம் மாறும்போது எந்த விகிதம் பொருந்தும் என்று சொல்கிறது. வேலை முடிந்த நாள், பில் எழுதிய நாள், பணம் வந்த நாள் என்று மூன்றைப் பார்க்கிறது. வேலை பழைய விகிதக் காலத்தில் முடிந்திருந்தாலும், பில்லும் பணமும் இரண்டுமே மாற்றத்துக்குப் பிறகு வந்தால் புதிய விகிதம்தான். 2022 ஜூன் மாதம் தளம் போட்டு முடித்துவிட்டார் ஒப்பந்ததாரர். துறை அளவெடுத்து, அளவுப் புத்தகத்தில் பதிந்து, சரிபார்த்து, பில் பாஸ் ஆகும்போது செப்டம்பர். தொகை என்னவென்று துறை சொன்ன பிறகுதானே அவர் வரி பில் எழுத முடிகிறது? எழுதும்போது 18 விழுக்காடு. துறை சொல்கிறது: இது ஜூனில் முடிந்த வேலை, 12 விழுக்காடுதான் தருவோம். வரி அலுவலகம் சொல்கிறது: 18 கட்டு, தாமதித்தால் ஆண்டுக்கு 18 விழுக்காடு வட்டி. துறை பணம் தரவில்லை என்பது வரி அலுவலகத்தில் பதிலாகாது. அளவெடுப்பில் நேர்ந்த தாமதம் யாருடையதோ அவரே அந்தக் கூடுதல் வரியையும் ஏற்க வேண்டும். இது ஒப்பந்தத்தில் ஒரே வரியில் எழுதக்கூடியது. எழுதப்படுவதில்லை.

மூன்றாவது, கணக்கின் அடி எது என்பது. வரி உள்பட 11 கோடியே 20 லட்சம் என்று ஒப்பந்தம் இருக்கிறது. வரி 18 ஆனதும் 10 கோடியின் மீது 6 விழுக்காடு, அதாவது 60 லட்சம் தர வேண்டும் என்கிறார் ஒப்பந்ததாரர். வரி உள்பட்ட தொகை மாறவில்லை, ஆகவே அதற்குள்ளேயே 18 விழுக்காடு அடக்கம் என்று கணக்கிடுகிறது துறை. அப்படிப் பார்த்தால் பணியின் மதிப்பு 9 கோடியே 49 லட்சமாகச் சுருங்குகிறது. அரசுக்குப் போகும் கூடுதல் வரி சுமார் 51 லட்சம். துறை கூடுதலாக ஒரு ரூபாயும் தருவதில்லை. தான் கட்டிய கட்டடத்தின் விலை தன் கண்முன்னே அரைக்கோடி குறைவதை ஒப்பந்ததாரர் பார்த்துக்கொண்டிருக்கிறார்.

உள்ளீட்டு வரி வரவிலும் இத்தகைய குழப்பம் வருகிறது. 2025 செப்டம்பர் 22 முதல் சிமெண்டின் ஜிஎஸ்டி 28இலிருந்து 18 ஆனது. உங்கள் செலவு குறைந்துவிட்டது, விலையைக் குறையுங்கள் என்று கேட்கத் தோன்றும். ஆனால் சிமெண்டில் கட்டும் வரியை ஒப்பந்ததாரர் வரவு வைத்துக்கொள்கிறார். 28 கட்டியபோது 28 வரவு. 18 கட்டும்போது 18 வரவு. மதிப்பீட்டில் சிமெண்ட் விலை வரி நீங்கலாக வைக்கப்பட்டிருந்தால் அவருக்கு இதில் மிச்சம் எதுவும் இல்லை. முன்பணமாக முடங்கும் தொகை குறைவதுதான் பயன். மதிப்பீட்டிலுள்ளது வாட் காலத்து விலையாக இருந்தால் கதை வேறு. பொத்தாம் பொதுவாகச் சொல்லிவிட முடியாது. அந்தந்த மதிப்பீட்டைப் புரட்டித்தான் ஆக வேண்டும்.

பிறகு கனிமங்கள். ஜல்லி, எம்-சாண்ட், கிராவல் இல்லாமல் சாலை இல்லை. குவாரியில் அரசு வாங்கும் ராயல்டி வரியா இல்லையா? தமிழ்நாடு தொடர்பான இந்தியா சிமெண்ட்ஸ் வழக்கில் 1989இல் ஏழு நீதிபதிகள் அது வரி என்றார்கள். 2024 ஜூலை 25 அன்று ஒன்பது நீதிபதிகள் கொண்ட அமர்வு, எட்டுக்கு ஒன்று என்ற கணக்கில், அது வரி அன்று என்றும், கனிமம் உள்ள நிலத்தின் மீது மாநிலங்கள் வரி போடலாம் என்றும் தீர்ப்பளித்தது. அதைத் தொடர்ந்து தமிழ்நாட்டில் கனிம நிலவரி 2025 ஏப்ரல் 4 முதல் நடைமுறைக்கு வந்தது. வரி கட்டுபவர் குவாரிக்காரர். ஜல்லி விலையில் ஏற்றி வாங்குவது ஒப்பந்ததாரரிடம். ஒப்பந்ததாரர் யாரிடம் போவார்? பணியின் மீதான வரி மாறினால் மட்டுமே ஈடு, பொருளின் மீதான வரி மாறினால் இல்லை என்று ஒப்பந்தம் சொன்னால் அவருக்கு வழியில்லை. விலையேற்றச் சரிக்கட்டல் கூறு இருந்தால், குறியீட்டெண்ணிலேயே இது அடங்கிவிட்டது என்று பதில் வரும். இப்படி ஒரு வாதத்தைத் தேசிய நெடுஞ்சாலை ஆணையம் ஒரு வழக்கில் முன்வைத்தது. நடுவர்கள் ஏற்கவில்லை, 2015இல் உச்ச நீதிமன்றமும் நடுவர்களின் முடிவில் தலையிட மறுத்தது. நாடு முழுவதுக்குமான மொத்த விலைக் குறியீட்டெண், ஒரு மாவட்டத்துக் குவாரியில் கூடிய தொகையை எப்படிக் காட்டும்?

இனித் துறை அலுவலகத்துக்குள் போய்ப் பார்ப்போம். கூடுதல் வரியைத் தராத செயற்பொறியாளரை எல்லோரும் குறை சொல்கிறோம். அவர் இடத்தில் நின்று பாருங்கள். பணிக்கு நிர்வாக அனுமதி இவ்வளவு ரூபாய் என்று வந்திருக்கிறது. வரி கூடினால் அந்தத் தொகை போதாது. திருத்திய நிர்வாக அனுமதி வேண்டும். கோப்பு மேலே போக வேண்டும். நிதித்துறை கேட்கும்: மாநிலப் பணிக்குக் கூடுதலாக நாம் தரும் வரியில் பாதி ஒன்றிய அரசுக்குத்தானே போகிறது? பேரூராட்சி என்றால் நிலைமை இன்னும் மோசம். அது கொடுக்கும் வரியில் எதுவும் நேராக அதன் கைக்குத் திரும்புவதில்லை. அரசுக் கட்டடத்துக்காகக் கட்டிய வரியை வரவு வைத்துக்கொள்ளவும் முடியாது. ஒரு தெருவுக்குச் சாக்கடை கட்ட வந்த மானியத்தில் ஆறு விழுக்காடு போனால் தெருவின் கடைசிப் பகுதி நின்றுபோகும். இந்தக் கவலை பொய்யானதன்று.

அதற்கு மேல் தணிக்கை. பொறியாளர் கையெழுத்திட்டுத் தொகையைக் கொடுத்தால், ஐந்து ஆண்டு கழித்து ஏன் கொடுத்தாய் என்று தணிக்கைத் தடை வரும். ஓய்வூதியப் பலன் நிற்கும். மறுத்துவிட்டால் யாரும் எதுவும் கேட்பதில்லை. நீதிமன்றம் உத்தரவிட்டால் அப்போது கொடுத்துவிடலாம், பொறுப்பு நீதிமன்றத்தின் மேல். இதுதான் இத்தனை வழக்குகளுக்கும் ஊற்று என்று நான் நினைக்கிறேன். மறுப்பதற்கு எந்த விலையும் இல்லாத ஓர் அமைப்பில் அலுவலர் மறுக்கத்தான் செய்வார். தர வேண்டியதைத் தராமல் வைத்து அதற்கு வட்டி கட்ட நேர்ந்ததையும் தணிக்கையாளர்கள் அதே கண்டிப்போடு கேட்கும் நாளில் இது மாறும்.

தாமதமாகக் கிடைப்பதில் எவ்வளவு இழப்பு? ஒன்றிய அரசு 2023இல் ஒப்பந்த வழக்குகளுக்காக விவாத் சே விஷ்வாஸ் திட்டத்தின் இரண்டாம் பகுதியைக் கொண்டுவந்தது. நீதிமன்றத்தில் வென்ற தொகையில் 85 விழுக்காடு வரையும், நடுவர் தீர்ப்பில் வென்ற தொகையில் 65 விழுக்காடு வரையும் பெற்றுக்கொண்டு ஒப்பந்ததாரர் வழக்கை முடித்துக்கொள்ள முடிந்தது. தேங்கிய வழக்குகளைத் தீர்க்க இது உதவியது என்பதை மறுக்கவில்லை. ஆனால் அந்த வழக்கு வரி ஈட்டுக்கானது என்றால் என்ன ஆகிறது? ஒப்பந்ததாரர் கடன் வாங்கி அரசுக்கு 100 ரூபாய் வரி கட்டினார். நடுவரிடம் போய் 100 ரூபாய் வென்றார். 65 வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போனார். மீதி 35 ரூபாய் அரசுக் கருவூலத்தில் இருக்கிறது, வரி என்ற பெயரில். வரி ஈட்டுக் கோரிக்கைகளை மற்ற கோரிக்கைகளோடு சேர்த்துத் தள்ளுபடி பேரத்துக்கு உட்படுத்தியிருக்கக்கூடாது. அவை கட்டிய ரசீதோடு வருபவை.

சிறிய ஒப்பந்ததாரருக்கு அந்த வழியும் இல்லை. 20 லட்சம் ரூபாய் பணியில் அவருக்கு வர வேண்டிய வரி வித்தியாசம் ஒரு லட்சத்துச் சொச்சம். அதற்கு வழக்கறிஞர் வைத்து யார் போவார்? விட்டுவிடுகிறார். அடுத்த டெண்டரில் தன் விலையில் கொஞ்சம் கூட்டிப் போடுகிறார், அல்லது கலவையில் குறைக்கிறார். இரண்டுமே மக்கள் தலையில்தான் விழும். நேர்மையாக விலை போட்டவர் தோற்று, வரி மாறினால் எப்படியும் சமாளித்துக்கொள்ளலாம் என்று துணிந்தவர் ஜெயிக்கும் டெண்டர் முறை நல்ல கட்டடங்களைத் தராது.

செய்ய வேண்டியது என்ன என்று கேட்பீர்கள். டெண்டரில் விலையை வரி நீங்கலாகவே கேளுங்கள். வரி, பில் எழுதும் நாளில் சட்டப்படி எவ்வளவோ அவ்வளவு, தனியாக. கூடினால் கூட்டி, குறைந்தால் குறைத்து. நிர்வாக அனுமதியையும் அதே மாதிரி, பணி மதிப்பு இவ்வளவு, அதன்மேல் அன்றைய விகிதத்தில் வரி என்று வழங்கினால், விகிதம் மாறும்போதெல்லாம் கோப்பு மேலே ஏற வேண்டியதில்லை. தணிக்கைத் தடைக்கும் இடமில்லை. ஒப்பந்ததாரர்களும் தம் பங்கைச் செய்ய வேண்டும்: கொள்முதல் பில்லையும் வரி வரவுக் கணக்கையும் மறைக்காமல் தர வேண்டும், வரி மாறிய உடனே, ஒப்பந்தம் சொல்லும் கெடுவுக்குள், எழுத்தில் தெரிவிக்க வேண்டும். வாய்ச்சொல்லில் உறுதி பெற்றுக்கொண்டு இறுதிப் பில்லில் மறுப்பின்றிக் கையெழுத்துப் போட்டுவிட்டு வழக்குக்கு வருவோருக்கு எந்த நடுவராலும் எளிதில் உதவ முடியாது.

கடைசியாக, இன்றைக்கு நடந்துகொண்டிருக்கும் ஒன்று. 2025 செப்டம்பர் 22 முதல் 12 விழுக்காட்டு அடுக்கே எடுக்கப்பட்டபோது, அரசுக்கான மண்வேலைப் பணிகள் 18க்குப் போயின. ஏரி தூர்வாரல், கரை உயர்த்தல், கால்வாய் வெட்டல் எல்லாம் இதில் வரும். அந்த நாளுக்கு முன் டெண்டர் ஆன பணிகள் இந்த அரங்கிலுள்ள பொறியாளர்கள் சிலரின் கோட்டங்களில் இப்போதும் நடந்துகொண்டிருக்கக்கூடும். ஒப்பந்ததாரர் கடிதம் கொடுக்கட்டும் என்று காத்திருக்க வேண்டாம். செப்டம்பர் 21 வரை முடிந்த வேலையை அளந்து தனியாகப் பதிந்து வையுங்கள். அதன் பில் தாமதமானது யாரால் என்பதையும் கோப்பில் எழுதுங்கள். கூடுதல் ஆறு விழுக்காட்டுக்கான திருத்திய மதிப்பீட்டை அடுத்த பகுதிப் பில்லோடு சேர்த்து மேலே அனுப்புங்கள்.